சட்டம் இறங்காத குழி

ஒரு சமுதாயத் தீமை பலரறிய வெளிப்பட்டுவிட்டால் அதற்கு மறுமொழி கூறும் கடமை நிறுவனங்களுக்கு வந்து சேர்கிறது. அரசோ நீதிமன்றமோ நகராட்சியோ அறக்கட்டளையோ கல்லூரியோ, நிறுவனம் என்பது பெரும்பாலும் தாளில் வாழ்வது. ஆதலின் அது தரும் முதல் மறுமொழியும் தாளிலேயே அமைகிறது. குழு அமைக்கப்படுகிறது, வரையறை எழுதப்படுகிறது, கணக்கெடுக்கப்படுகிறது, நிதி ஒதுக்கப்படுகிறது. இவற்றைத் தேவையற்றன என்று யாரும் தள்ளிவிட இயலாது. ஆயினும் தாளில் தொடங்கிய மறுமொழி தாளோடு நின்றுவிட்டால் என்ன நேரும் என்பதையும் நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும். மனிதக் கழிவை மனிதரே அகற்றும் கொடுமையை நம் நாட்டு நிறுவனங்கள் எதிர்கொண்ட வரலாறு இதற்கு நல்லதொரு சான்றாகும்.

இக்கொடுமையை யாரும் அறியாமல் இருந்ததில்லை. 1901ஆம் ஆண்டு கல்கத்தாவில் கூடிய காங்கிரசு மாநாட்டுக்குச் சென்ற காந்தியடிகள், அங்கிருந்த கழிப்பிடங்களின் நிலை கண்டு தாமே துடைப்பம் எடுத்துத் தூய்மை செய்தார். அரசமைப்புச் சட்டம் நடைமுறைக்கு வருமுன்பே, 1949இல் பம்பாய் மாகாண அரசு பார்வே குழுவை அமைத்தது. 1957இல் நடுவண் அரசின் சார்பில் மல்கானி குழு அமைந்தது. மலத்தைக் கூடையில் இட்டுத் தலையில் சுமக்கும் வழக்கத்தை ஒழித்துத் தள்ளுவண்டி தர வேண்டும் என்பது அக்காலப் பரிந்துரைகளுள் முதன்மையானது. தலைச்சுமை வண்டிச்சுமையாகட்டும் என்று எண்ணிய பெரியோர்களை நாம் குறைகூறவில்லை; அன்றைய சூழலில் அதுவும் ஓர் இரக்கமே. ஆனால் அந்தப் பரிந்துரைகூடப் பல நகராட்சிகளில் பல்லாண்டுகள் ஏட்டிலேயே இருந்தது.

தீண்டாமையை ஒழித்த 17ஆம் பிரிவு 1950 முதல் நடைமுறையில் இருந்தும், இத்தொழிலைத் தடைசெய்ய 1993ஆம் ஆண்டு வரை ஒரு தனிச்சட்டம் தேவைப்பட்டது. அச்சட்டம் பிறந்த விதத்தைச் சற்று விரிவாகவே காண வேண்டும். நாடாளுமன்றம் அதனைப் பொதுச் சுகாதாரம் என்னும் மாநிலப் பட்டியல் பொருளாகக் கொண்டு இயற்றியது. அதாவது, ஒரு மனிதனின் மாண்பு குறித்த கேள்வியாக அன்றி, கழிப்பிடம் குறித்த கேள்வியாக அதனை வகைப்படுத்தியது. இதனால் மாநிலங்கள் தத்தம் சட்டமன்றங்களில் தீர்மானம் இயற்றி ஏற்றால் மட்டுமே அங்கே சட்டம் செல்லும் என்றாயிற்று. முதலில் தீர்மானம் இயற்றிய ஆறு மாநிலங்களிலும் ஒன்றியப் பகுதிகளிலும் அது நடைமுறைக்கு வந்த நாள் 1997 சனவரி 26. மற்ற மாநிலங்கள் தத்தம் வசதிபோல் வந்து சேர்ந்தன. வழக்குத் தொடுக்கும் உரிமையோ நிருவாக அதிகாரிகளிடம் இருந்தது. எடுப்புக் கழிப்பிடங்களை நடத்தி வந்தவற்றுள் நகராட்சிகளும் அடங்கும். அவற்றின்மீது வழக்குத் தொடுக்க வேண்டியவர்களும் அதே நிருவாகத்தைச் சார்ந்தவர்கள். இருபதாண்டுகள் இருந்த அச்சட்டத்தின்கீழ்த் தண்டனை பெற்றவரைக் காண்பது அரிதாயிற்று என்பதில் வியப்பில்லை.

பத்தாண்டுகள் கழித்து, 2003இல், சஃபாய் கர்மாச்சாரி ஆந்தோலன் என்னும் இயக்கம் உச்ச நீதிமன்றத்தை அணுகியது. அப்போது பல மாநிலங்கள் அளித்த பதில் ஒன்றே: ‘எங்கள் மாநிலத்தில் இவ்வழக்கம் இல்லை.’ மனுதாரர்கள் படங்களையும் ஊர்ப் பெயர்களையும் திரட்டித் தந்த பின்னரே மறுப்புகள் தளர்ந்தன. வழக்கு 11 ஆண்டுகள் நடந்தது. இதற்கிடையில் 2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, மனிதரால் மலம் அகற்றப்படும் கழிப்பிடங்கள் நாட்டில் ஏறத்தாழ 7.9 இலட்சம் உள்ளன என்று பதிவு செய்தது. பின்னர் 2013இலும் 2018இலும் நடத்தப்பட்ட ஆய்வுகளோ, இத்தொழிலில் ஈடுபட்டோர் நாடெங்கும் 58,098 பேர் என்றன. முன்னது கழிப்பிடங்களின் தொகை, பின்னது மனிதர்களின் தொகை. ஒன்றையொன்று நேராக ஒப்பிட முடியாது என்பதை நாம் அறிவோம். எனினும் இவ்விரு எண்களுக்கும் இடையே உள்ள தொலைவு நம்மைச் சிந்திக்கச் செய்கிறது. கணக்கில் ஒரு மனிதனைச் சேர்த்தால் அவனை வேலைக்கு வைத்திருந்தவர் யார் என்ற கேள்வியும் உடன் எழும். சேர்க்காமல் விட்டால் கேள்வியும் எழாது. அந்த 58,098 பேருள் சாதி விவரம் கிடைத்த 43,797 பேரில் 42,594 பேர் பட்டியல் சாதியினர் என்று 2021இல் நாடாளுமன்றத்தில் தெரிவிக்கப்பட்டது. நூற்றுக்குத் தொண்ணூற்றேழு! வறுமை மட்டுமே ஒருவரை இத்தொழிலுக்குத் தள்ளுகிறது என்று கூறுவோர் இந்த எண்ணை ஒருமுறை உற்று நோக்குதல் நன்று.

2013ஆம் ஆண்டில் புதிய சட்டம் வந்தது. அவ்வாண்டு திசம்பர் 6 முதல் நடைமுறைக்கும் வந்தது. முந்தைய சட்டத்தைவிட இது பலவகையிலும் மேம்பட்டது. இதன் முகவுரையே வரலாற்று அநீதியைப் பேசுகிறது. பாதாளச் சாக்கடையிலும் கழிவுநீர்த் தொட்டியிலும் ஆளை இறக்கும் ஆபத்தான பணியையும் இது தடைசெய்தது. முதற்குற்றத்துக்கே இரண்டாண்டு வரை சிறை, இரண்டு இலட்சம் ரூபாய் வரை தண்டம். அடுத்த ஆண்டு மார்ச்சு 27ஆம் நாள், தமிழகத்தைச் சேர்ந்த தலைமை நீதிபதி ப. சதாசிவம் தலைமையிலான அமர்வு, 1993 முதல் சாக்கடைப் பணியில் இறந்த ஒவ்வொருவர் குடும்பத்துக்கும் பத்து இலட்சம் ரூபாய் வழங்க ஆணையிட்டது. தாளளவில் குறையேதும் இல்லை என்றே தோன்றும்.

குறை வரையறையில் ஒளிந்திருந்தது. உரிய பாதுகாப்புக் கருவிகளுடன் கழிவகற்றுபவர் ‘கையால் மலம் அள்ளுபவர்’ ஆகமாட்டார் என்றது சட்டம். பாதுகாப்பு ஏற்பாடின்றி இறக்குவதே ‘ஆபத்தான தூய்மைப்பணி’ ஆகும் என்றது. இப்படி ஒரே தொழிலுக்கு இரு பெயர்கள், இரு கணக்குகள் உண்டாயின. இதன் விளைவை 2021ஆம் ஆண்டு நாடாளுமன்றம் கண்டது. அவ்வாண்டு பிப்ரவரியில், முந்தைய ஐந்தாண்டுகளில் சாக்கடைகளையும் கழிவுநீர்த் தொட்டிகளையும் தூய்மை செய்கையில் 340 பேர் இறந்தனர் என்று அரசு கூறியது. சூலையிலோ, கையால் மலம் அள்ளுவதால் இறந்தவர் எவருமில்லை என்று மாநிலங்களவையில் பதிலளித்தது. இரண்டும் சட்டப்படி சரியான விடைகளே. இறந்தவர்கள் மற்றொரு வரையறைக்குள் இறந்திருந்தார்கள், அவ்வளவுதான். ஆசிரியர்களாகிய நாம் தேர்வுத்தாளில் இத்தகைய விடையைக் கண்டால் மதிப்பெண் தருவோமா என்பது வேறு செய்தி.

ஒரு தொட்டிக்குள் உண்மையில் நடப்பது என்ன? காற்றுப் புகாத தொட்டியில் கழிவு மட்கும்போது மீத்தேன், அம்மோனியா, ஹைட்ரஜன் சல்ஃபைடு முதலிய வளிகள் சேர்கின்றன. இவற்றுள் கொடியது ஹைட்ரஜன் சல்ஃபைடு. சிறிதளவில் அழுகிய முட்டைபோல் நாறும். அளவு மிகுந்தால் முகரும் உணர்வையே மழுங்கச் செய்துவிடும். ஆகவே நாற்றம் இல்லை என்று நம்பி இறங்குபவன், எச்சரிக்கை தரும் புலனை இழந்தவனாகவே இறங்குகிறான். செறிவு மிகுந்திருந்தால் ஓரிரு மூச்சிலேயே நினைவிழந்து வீழ்கிறான். மேலே நிற்பவன் அவனைத் தூக்க இறங்குகிறான், அவனும் வீழ்கிறான். செய்தித்தாள்களில் ‘ஒருவரைக் காப்பாற்றச் சென்ற இருவரும் பலி’ என்ற வரியை நாம் மீண்டும் மீண்டும் படிக்க நேர்வது இதனால்தான். இறந்தவர்கள் அண்ணன் தம்பியராகவோ தந்தை மகனாகவோ இருப்பதும் உண்டு. ஒரு குடும்பம் முழுவதற்கும் ஒரே தொழிலை விதித்திருக்கும் சமுதாயத்தில் வேறெப்படி இருக்கும்?

அடுத்த நாள் அவனை வேலைக்கு அமர்த்தியவரைத் தேடினால் ஒரு நீண்ட சங்கிலி கையில் வரும். கட்டிட உரிமையாளர் ஒப்பந்தக்காரரைக் காட்டுவார். ஒப்பந்தக்காரர் துணை ஒப்பந்தக்காரரைக் காட்டுவார். துணை ஒப்பந்தக்காரர் ‘அவனாகவே இறங்கினான்’ என்பார். தனிச்சட்டம் இருக்க, கவனக்குறைவால் மரணம் விளைவித்தல் என்னும் பொதுப்பிரிவில் வழக்குப் பதிவதும் நடக்கிறது. இத்தகைய மரணங்கள் குறித்து மாநிலவாரியாக வெளியிடப்பட்ட பட்டியல்களில் தமிழ்நாடு பலமுறை முதலிடத்தில் இருந்துள்ளது. இங்கே பதிவு ஓரளவு ஒழுங்காக நடப்பதும் இதற்கு ஒரு காரணமாகலாம். அந்த ஆறுதல் இறந்தவர் வீட்டுக்குப் பயன்படாது. ‘கக்கூஸ்’ என்னும் ஆவணப்படத்தில் இவ்வீடுகளின் நிலையைத் திவ்யபாரதி 2017இல் காட்டியபோது, பல ஊர்களில் அப்படத்தைத் திரையிட இசைவு மறுக்கப்பட்டது. குழியை மூடுவதைவிடத் திரையை மூடுவது எளிது என்று நிருவாகம் எண்ணியது போலும்.

இழப்பீட்டைப் பற்றியும் ஒரு சொல். 2023 அக்டோபர் 20ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அதனை முப்பது இலட்சம் ரூபாயாக உயர்த்தியது. 2025 சனவரியில் தில்லி, மும்பை, சென்னை, கொல்கத்தா, பெங்களூரு, ஐதராபாத் ஆகிய ஆறு பெருநகரங்களில் மனிதரைச் சாக்கடையில் இறக்குவதை அறவே நிறுத்த ஆணையிட்டது. இவ்வாணைகளை நாம் நன்றியோடு வரவேற்கிறோம். ஆனால் இழப்பீடு என்பது இறப்புக்குப் பின் வரும் மறுமொழி. இறப்பதற்கு முதல் நாள் அந்த மனிதனுக்கு யாரும் எந்த மறுமொழியும் தரவில்லை.

அப்படியாயின் எந்த நிறுவனமும் மாறவேயில்லையா? மாறின. கோலார் தங்கவயலில் தமிழும் தெலுங்கும் பேசும் தொழிலாளர் குடியிருப்புகளில் எடுப்புக் கழிப்பிடங்கள் இருந்தன. அவற்றைத் தூய்மை செய்த குடும்பம் ஒன்றில் பிறந்தவர் பெசவாடா வில்சன். 2016இல் மகசேசே விருது பெற்றவர். அவர் நிருவாகத்துக்கு எழுதிய போது, அப்படிப்பட்ட கழிப்பிடங்களே இல்லை என்ற மறுப்பே முதலில் கிடைத்தது. படங்கள் செய்தித்தாளில் வெளிவந்து நாடறிந்த பின்னர், நிருவாகம் அக்கழிப்பிடங்களை நீர்க்கழிப்பிடங்களாக மாற்றியது. தொழிலாளர்களையும் வேறு பணிகளுக்கு மாற்றியது. இரயில்வே மற்றொரு சான்று. ஓடும் பெட்டியிலிருந்து தண்டவாளத்தில் விழும் கழிவை மனிதரைக் கொண்டு அகற்றிவந்த பெருநிறுவனம் அது. நீதிமன்றத்தில் எத்தனை முறை கேட்டாலும் ஒப்பந்தக்காரர் என்றும் படிப்படியாக என்றும் பதில் வந்துகொண்டிருந்தது. பாதுகாப்பு ஆராய்ச்சி நிறுவனத்துடன் சேர்ந்து உருவாக்கிய உயிரிக் கழிப்பறைகளை இரண்டரை இலட்சத்துக்கும் மேலாகப் பெட்டிகளில் பொருத்தி, 2020ஆம் ஆண்டையொட்டி அப்பணி ஏறத்தாழ நிறைவுற்ற பின்னரே தண்டவாளத்தின் நிலை மாறத் தொடங்கியது. திருவனந்தபுரத்தில் 2018இல் ஆளிறங்கு குழிக்குள் எந்திரக் கையை இறக்கும் முயற்சி தொடங்கியதும் இவ்வகையைச் சார்ந்தது.

இம்மாற்றங்களுள் பொதுவாக உள்ளது எது? நிறுவனம் தன் வரையறையை மாற்றவில்லை. தன் கட்டிடத்தை, தன் பெட்டியை, தன் செலவுக் கணக்கை மாற்றியது. வெளியிலிருந்து நெருக்குதல் வந்ததாலேயே மாற்றியது என்பதையும் மறைக்க வேண்டுவதில்லை. 2020ஆம் ஆண்டில் தமிழக அரசு ‘துப்புரவுப் பணியாளர்’ என்னும் பெயரைத் ‘தூய்மைப் பணியாளர்’ என்று மாற்றியது. சொல்லின் மதிப்பைத் தமிழ்த் துறையினராகிய நாம் குறைத்துப் பேச மாட்டோம். ஒரு தொழிலாளியை மரியாதைச் சொல்லால் அழைப்பது சிறு செயலன்று. ஆனால் அச்சொல் மாறிய நாளில் அவர் கையிலிருந்த வாளியும் கயிறும் மாறினவா என்று கேட்பதற்கும் நமக்கு உரிமையுண்டு.

இதுகாறும் கூறியவை பிற நிறுவனங்களைப் பற்றியவை. நாமும் ஒரு நிறுவனத்தைச் சார்ந்தவர்களே. தூய்மையை இறைநம்பிக்கையின் பகுதியாகக் கற்பிக்கும் மரபில் நிற்கும் கல்லூரி நம்முடையது. இம்மக்களுக்கு நம்மைப் போன்றோர் தரக்கூடிய மறுமொழிகள் இரண்டு உண்டு. முதலாவது வகுப்பறைக் கதவு. 2009ஆம் ஆண்டு தமிழ்நாடு அரசு, பட்டியல் சாதியினருக்கான ஒதுக்கீட்டுக்குள் அருந்ததியருக்கு மூன்று விழுக்காட்டை உள் ஒதுக்கீடாக்கியது. தலைமுறை தலைமுறையாகக் குழிக்கருகில் நிறுத்தப்பட்ட குடும்பங்களின் பிள்ளைகள் கல்லூரிக்கு வர அது வழிசெய்தது. அரசமைப்பின் 15(5) பிரிவு, மாணவர் சேர்க்கை ஒதுக்கீட்டிலிருந்து சிறுபான்மை நிறுவனங்களுக்கு விலக்களிக்கிறது. அவ்விலக்கு நம் உரிமையைக் காப்பதற்காக வந்தது. அதனை நாம் போற்றுகிறோம். எனினும் விலக்கு என்பது தடையாகாது. சட்டம் கட்டாயப்படுத்தாத இடத்திலும் ஒவ்வொரு துறையிலும் ஒரு மாணவரையேனும் இக்குடும்பங்களிலிருந்து தேடிச் சேர்த்துக் கட்டணமும் விடுதிச் செலவும் ஏற்பதை எந்த விதியும் தடுக்கவில்லை. முன்னாள் மாணவர் மன்றங்கள் விழா மண்டபங்களுக்குத் திரட்டும் நிதியில் ஒரு சிறுபகுதி இதற்குப் போதும்.

இரண்டாவது, நமது விடுதிகளின் பின்புறம் உள்ள தொட்டி. கல்லூரிகளிலும் மருத்துவமனைகளிலும் திருமண மண்டபங்களிலும் வழிபாட்டிடங்களிலும் தொட்டி கட்டப்படும் இடம் பெரும்பாலும் ஒன்றே: யார் கண்ணிலும் படாத மூலை. கழிவுநீர் ஊர்தி நெருங்க வழியிராது. அதன் குழாய் எட்டாது. திறப்போ ஒருவர் உடலைச் சுருக்கி நுழையும் அளவே இருக்கும். இரண்டு மூன்றாண்டுகளுக்கு ஒருமுறை தொட்டியைக் காலி செய்ய வேண்டும் என்பது பொறியியலார் வகுத்த முறை. நாமோ நிரம்பி வழிந்து நாற்றம் எழுந்த பின்னரே ஆளைத் தேடுகிறோம். அதற்குள் அடியில் தங்கிய சேறு இறுகிவிடுகிறது. ஊர்தி மேல்நீரை உறிஞ்சிவிட்டுப் போய்விடும். இறுகிய அடிச்சேறு அப்படியே நிற்கும். அப்போதுதான் ‘ஒரு ஆளை இறக்கிவிடலாமா’ என்ற பேச்சு எழுகிறது. பராமரிப்பைத் தள்ளிப்போட்ட ஒவ்வோராண்டும் அந்த மனிதனை ஓரடி உள்ளே இறக்கியிருக்கிறது. அவனுக்குக் கூடுதலாகச் சில நூறு ரூபாய் தந்தால் நம் கணக்கு நேராகிவிட்டதாக எண்ணுகிறோம்.

ஆகவே நாம் கேட்பவை மிகச் சிறியவை. கட்டிடக் குழு அடுத்து எழுப்பும் விடுதிக்கு வரைபடம் வரும்போது, தொட்டி பாதையோரமாக ஊர்தி வந்து நிற்கும்படி அமைந்துள்ளதா என்று யாரேனும் ஒருவர் பார்க்கட்டும். காலி செய்யும் ஆண்டும் மாதமும், நூலகக் கணக்கெடுப்பு நாளைக் குறிப்பது போல, ஆண்டுத் திட்டத்தில் குறிக்கப்படட்டும். உரிமம் பெற்ற ஊர்தியை மட்டுமே அழைக்க வேண்டும் என்றும், எந்நிலையிலும் எவரையும் உள்ளே இறக்கலாகாது என்றும் ஒப்பந்தத்தில் தமிழில் எழுதி, அதில் ஒப்பந்தக்காரரோடு நிருவாகமும் கையெழுத்திடட்டும். 2013ஆம் ஆண்டு விதிகளின்படி, தவிர்க்க முடியாத நிலையில் ஒருவரைச் சாக்கடையில் இறக்க உள்ளாட்சித் தலைமை அலுவலரின் எழுத்து வழி இசைவும், 40க்கும் மேற்பட்ட பாதுகாப்புக் கருவிகளும் வேண்டும் என்பதை விடுதிக் காப்பாளர்கள் அறிந்திருத்தல் நலம். அவசரத்துக்கு 14420 என்னும் உதவி எண் உள்ளது. அதனைத் தொட்டிக்கருகிலேயே சுவரில் எழுதிவைக்கலாம். தொட்டி கடைசியாகக் காலி செய்யப்பட்ட நாளையும் அவ்வெண்ணுக்குக் கீழே எழுதிவைக்கலாம்.